பெரியவருக்குச் சுட்ட ரெண்டு சீடி

விஜிதா கொம்பியூட்டர் விளையாட்டுக்கான கேம்பேடின் திருகாணிகளைக் கழற்றி, உள்ளே இருந்த ரப்பர்ப் பொட்டுகளைப் பஞ்சில் ஸ்பிரிட் தொட்டுத் துடைத்துக்கொண்டிருந்தாள். புண் துடைக்கிற முறைதான்: நடுவிலிருந்து வெளிப்பக்கமாக ஒரே இழுப்பு, பிறகு புதுப் பஞ்சு. பொத்தான்களுக்கு அடியில் குரக்கன் கஞ்சி காய்ந்து ஒட்டியிருந்தது.

கட்டிலில் சாய்ந்திருந்த கனகசபை அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். பதுளை அரசாங்கக் கச்சேரியில் பெரிய உத்தியோகம் பார்த்து ஓய்ந்தவர். வாதம் வந்து வலது பக்கம் விழுந்ததிலிருந்து பேச்சு இழுத்து இழுத்துத்தான் வரும். கேலி மட்டும் குறையவில்லை.

"உதுக்கு ஊசியும் போடப்போறியோ, பிள்ளை?"

"இதுக்கு எதுக்குங்க ஊசி? இது சொன்ன பேச்சக் கேக்குது. கேக்காத ஆளு கட்டில்ல இருக்கு."

அவர் இடது பக்க வாயால் சிரித்தார்.

விஜிதா தெமோதரைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் லயத்து வீட்டில் பிறந்தவள். அவளுடைய அப்பா மலையில் வழுக்கி விழுந்து படுத்த படுக்கையாகி, முதுகுப் புண் வந்து செத்தார். புரட்டிப் புரட்டிப் படுக்க வைத்திருந்தால் அந்தப் புண்ணே வந்திருக்காது என்று ஆஸ்பத்திரியில் ஒரு நேர்ஸ் சொன்னாள். அந்த ஒரு பேச்சு அவளைப் பண்டாரவளைக்கு நோயாளர் பராமரிப்புப் படிக்க அனுப்பியது. அதன்பிறகு கொழுந்துக் கூடையை அவள் தொடவில்லை. பதுளை டவுனில் வீடு வீடாகப் போய் வயதானவர்களைக் குளிப்பாட்டினாள், ஊட்டினாள், சிலருக்குக் கண்ணையும் மூடிவிட்டாள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அம்மாவும் போய்ச் சேர்ந்த பிறகு அவளுக்கென்று இருந்தது தம்பி துஷாந்த் ஒருவன்தான். அவனைப் படிக்க வைத்தது அவள். கொம்பியூட்டர் வகுப்புக்கு அனுப்பியது அவள். பஜாரில் நிஸாமின் சீடிக் கடையில் வேலைக்குச் சேர்த்துவிட்டதும் அவள்.

கொம்பியூட்டரில் விளையாடும் யோசனை வைத்தியரின் பேச்சிலிருந்து வந்தது. வலது கை விரல்களை அசைக்காவிட்டால் அவை மடங்கியபடியே இறுகிவிடும் என்றார் வைத்தியர். அமுக்கிப் பழக ரப்பர் பந்து கொடுத்தால் கனகசபை அதை ஜன்னலுக்கு வெளியே எறிந்தார். அதையும் இடது கையால்தான் எறிந்தார். கனடாவிலிருந்து மகன் கிஷாந்தன் டெலிபோனில் சொன்னான்: "அக்கா, நான் ஏஎல் படிக்கேக்க அப்பாவும் நானும் டிவி கேம்ல காரோட்டம் விளையாடுவம். அவருக்குத் தோக்க ஏலாது. அதைக் குடுத்துப் பாருங்கோவன்."

அந்த டிவி கேம் பெட்டி எப்போதோ செத்துப்போயிருந்தது. துஷாந்த் வந்து பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினான்.

"பெட்டி வேணாங்க்கா. கொம்பியூட்டரையே அந்தப் பெட்டி மாதிரி நடிக்க வைக்கலாம். எமியுலேட்டர்னு ஒன்னு இருக்கு."

"நடிச்சா போதுமா?"

"போதும். ஆனா பயோஸ்னு ஒரு பைல் இருக்கு, அது இல்லாட்டி எழும்பாது. பெட்டிக்குள்ள இருந்த மூளை அதுதான். மத்ததெல்லாம் ஒடம்பு."

இது விஜிதாவுக்கு உடனே விளங்கியது. உடம்பு முழுக்க நன்றாக இருந்தும் எழும்பாமல் கிடந்தவர்களை அவள் பார்த்திருக்கிறாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவன் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லச் சொல்ல, அவளே தன் கையால் எல்லாவற்றையும் போட்டாள். எமியுலேட்டர் எந்தப் பொத்தானுக்கு என்ன வேலை என்று ஒவ்வொன்றாகக் கேட்கும். வேகம் கூட்டுவதை வலது சுண்டுவிரலுக்கும் பிரேக்கை மோதிர விரலுக்கும் கொடுத்தாள். அவைதான் முதலில் இறுகும் விரல்கள். பழைய பெட்டியில் செய்ய முடியாத ஒன்றும் இதில் முடிந்தது: முழு விளையாட்டையும் பாதி வேகத்தில் ஓட விடலாம். முதலில் போட்ட விளையாட்டு, குதித்துக் குதித்து ஓடும் ஒரு பொம்மை. கனகசபைக்குப் பிடிக்கவில்லை. "குரங்குச் சேட்டை" என்றார். அவருக்குக் காரோட்டம்தான் வேண்டும். துஷாந்த் பல இடங்களில் தேடி, கடைசியில் அதைக் கண்டுபிடித்துவிட்டதாகச் சொல்லியிருந்தான்.

பேடைத் திரும்பப் பூட்டி முடித்த நேரத்தில் டெலிபோன் அடித்தது. துஷாந்த்தான். பின்னால் பஸ் இரைச்சல் கேட்டது.

"அக்கா, பெரியவருக்கு ரெண்டையும் சுட்டுட்டேன்!"

"ரெண்டா? கார் ஒன்னுதானே கேட்டாரு?"

"இன்னொன்னு நானே சேத்துச் சுட்டது. கையோட கொண்டு போறேன். காலைல வர்றப்ப..."

நிஸாமின் கடையில் சீடியில் பதிவதைச் சுடுவது என்றுதான் சொல்வார்கள். பெட்டிக்குள்ளிருந்து தட்டு சூடாக வெளியே வரும்போது, "ரொட்டி சுட்ட மாதிரிதானேடா" என்று நிஸாம் தொடக்கி வைத்த வேடிக்கை அது. கடைக்கு வரும் பொடியன்கள்கூட அவனை அண்ணன் முறை வைத்து "நானா, ஒரு படம் சுட்டுத் தாங்க" என்றுதான் கேட்பார்கள்.

டெலிபோனில் பஸ் நின்றுவிட்டது தெரிந்தது. ஆட்கள் இறங்கும் சத்தம். பக்கத்தில் ஒரு சிங்களக் குரல். பிறகு அதே குரல், பழகாத தமிழில், சொல்லுக்குச் சொல் நிறுத்தி: "யாரை... சுட்டது?"

"இல்லீங்க சேர், இது..." என்றான் துஷாந்த்.

தொடர்பு அறுந்தது.

விஜிதா திரும்ப எடுத்துப் பார்த்தாள். மணி போனது. பிறகு அதுவும் போகவில்லை. ரிசீவரை வைத்தபோது வலது கை தானாகவே இடது மணிக்கட்டைப் பிடித்து நாடி பார்த்துக்கொண்டிருந்தது. ஓடிக்கொண்டிருந்தது நாடி.

அது 2008ஆம் ஆண்டு, யுத்தம் மும்முரமாக நடந்த நேரம். தமிழ்ப் பொடியன் ஒருவன் மருந்து வாங்கப் போய் மறுநாள் வரும்வரை வீட்டில் யாரும் சாப்பிடாமல் உட்கார்ந்திருந்த காலம். வழியில் மறித்தால் ஒரு நாள், கொழும்புக்கு அனுப்பிவிட்டால் எத்தனை வருஷமோ. தோட்டத்திலேயே அப்படிப் போன இரண்டு பேர் இருந்தார்கள். அவர்களுடைய தாய்மார் கோயிலுக்கும் போவதில்லை, கல்யாண வீட்டுக்கும் போவதில்லை.

"என்ன பிள்ளை? ஏன் உப்பிடி நிக்கிறாய்?"

நோயாளியிடம் பொய் சொன்னால் பிறகு இரண்டு வேலையாகிவிடும். நடந்ததை அப்படியே சொன்னாள்.

கனகசபையின் முகம் வெளுத்தது. எண்பத்து மூன்றாம் ஆண்டுக் கலவரத்தில், மனைவியோடும் கைக்குழந்தையோடும் ஒரு சிங்களக் குடும்பத்தின் குசினிப் பரணில் படுத்துக் கிடந்தவர் அவர். குழந்தையின் வாயைப் பொத்திப் பிடித்தது அந்த வலது கைதான்.

"உந்தக் கொம்பியூட்டரைக் கழட்டு" என்றார். "உடன கழட்டு. கிணத்துக்குள்ள போடு. அவங்கள் இஞ்ச வருவாங்கள்."

"ஐயா, கொஞ்சம் பொறுங்க..."

"பெரியவர் எண்டு சொன்னவனோ? பெரியவர் எண்டா அவங்களுக்கு என்ன விளங்கும்? நான்தான் இயக்கத் தலைவன் எண்டு நினைப்பாங்கள். கழட்டு பிள்ளை!"

அவள் மேசைக்கடியில் குனிந்து முதல் வயரைப் பிடித்தும்விட்டாள். அப்போதுதான் வாசலில் ஓட்டோ வந்து நின்றது. நிஸாம். தொப்பியைக்கூடச் சரியாகப் போடவில்லை.

"தங்கச்சி, தம்பியப் பாலத்தடிக் காவலரண்ல எறக்கி வச்சிருக்காங்களாம். பஸ் கண்டக்டர் வந்து சொன்னான். பேக்குல ரெண்டு சீடியும் இருந்திச்சாம். எண்ட கடையவும் தேடி வருவானுகளோ தெரியா."

"சீடில என்ன எழுதியிருக்கு நானா?"

நிஸாம் எச்சிலை விழுங்கினான். "பெரியவர் ஒன்னு, பெரியவர் ரெண்டுன்னு."

விஜிதா வயரை விட்டுவிட்டு நிமிர்ந்தாள். மறைத்தால் அது விளையாட்டுச் சாமானாக இருக்காது, வேறு சாமானாகிவிடும். பக்கத்து வீட்டு ராசம்மாவைக் கூப்பிட்டுக் கனகசபையிடம் உட்கார வைத்தாள். அடையாள அட்டையையும் வைத்தியரின் மருந்துச் சீட்டுகளையும் எடுத்துக்கொண்டு ஓட்டோவில் ஏறினாள். வழி முழுக்க நிஸாம் ஓதிக்கொண்டே ஓட்டினான். அவள் ஒன்றும் ஓதவில்லை. பயோஸை எந்தப் போல்டரில் போட்டோம் என்று யோசித்துக்கொண்டிருந்தாள். யோசிக்க யோசிக்க அது மறந்துகொண்டே போனது.

காவலரண் மணல் மூட்டைகளும் தகரக் கூரையுமாக இருந்தது. உள்ளே ஒரு மேசை, மேசையில் கொம்பியூட்டர், மூலையில் தரையில் துஷாந்த். பெல்டைக் கழற்றியிருந்தார்கள். சட்டையில் மேல் பொத்தான்கள் இல்லை. விஜிதா அவன் கண்ணைப் பார்த்தாள். மூச்சைப் பார்த்தாள். கை விரல்கள் அசைகின்றனவா என்று பார்த்தாள். அசைந்தன. அதற்குப் பிறகுதான் அதிகாரியின் பக்கம் திரும்பினாள்.

பஸ்ஸில் துஷாந்தின் தமிழைக் கேட்ட இளம் கான்ஸ்டபிள் அதிகாரிக்குப் பக்கத்தில் நின்றான். மூன்று மாத வகுப்பில் தமிழ் படித்தவனாம். அந்த வகுப்பில் எந்தச் சொற்களை முதலில் சொல்லிக் கொடுத்திருப்பார்கள் என்று அவளுக்கு விளங்கியது.

"பெரியவர் யார்?" என்றான் அவன். "எந்த ரெண்டு ஆள் சுட்டது?"

விஜிதா சந்தைக்கும் ஆஸ்பத்திரிக்கும் போய்ப் பழகிய சிங்களத்தில் அதிகாரியிடமே பேசினாள். பெரியவர் என்றால் சீயா, வயதான பாட்டனார், சேர், நான் பார்க்கிற நோயாளி. சுட்டது என்றால் கொப்பி பண்ணியது. தம்பி சீடிக் கடையில் வேலை செய்கிறவன்.

"கொப்பிக்கு ஏன் சுடுறது என்று சொல்கிறாய்?"

"ஆங்கிலத்திலும் அப்படித்தானே சேர், எரிக்கிறது என்று."

அதிகாரி யோசித்தார். நம்பினாரா இல்லையா என்று முகத்தில் தெரியவில்லை. சீடிகளை மேசையில் தள்ளினார். "போட்டுக் காட்டு. அவன் எழும்பக் கூடாது. நீ போடு."

அவள் உட்கார்ந்தாள். 'பெரியவர் 1' என்று எழுதியதை உள்ளே விட்டாள். வீட்டில் தம்பி பக்கத்தில் இருந்து சொன்னதெல்லாம் இங்கே புகையாக இருந்தது. சீடியிலேயே இருந்த எமியுலேட்டரைத் திறந்தாள். சிறிய பெட்டி ஒன்று திரையில் வந்து நின்றது. எழுத்துக் கூட்டிப் படித்தாள்: பயோஸ் இல்லை.

"என்ன சொல்லுது?" என்றான் கான்ஸ்டபிள்.

"மூளை இல்லைன்னு சொல்லுது."

கான்ஸ்டபிளுக்கு முகம் சிவந்தது. தன்னைச் சொன்னதாக நினைத்துவிட்டான். "யாருக்கு மூளை இல்லை?"

"சேர், சேர், மெசினுக்கு! மெசினுக்கு!"

மூலையிலிருந்து துஷாந்த் ஏதோ சொல்ல வாயெடுத்தான். அதிகாரி விரலை உயர்த்த, அடங்கிவிட்டான். விஜிதா கண்ணை மூடவில்லை, சாமியைக் கூப்பிடவில்லை. நாடி கிடைக்காத கையில் வேறு இடத்தில் தொட்டுப் பார்ப்பது போல, சீடிக்குள் இருந்த போல்டர்களை ஒவ்வொன்றாகத் திறந்தாள். மூன்றாவதில் அந்தப் பைல் தனியாகக் கிடந்தது. எமியுலேட்டரிடம் அதைக் காட்டிவிட்டு ஓகே கொடுத்தாள்.

திரை கறுத்தது. இரைச்சல் ஒன்று கிளம்பியது. விமானம். ஒன்றல்ல, வரிசையாக. கீழே ஒரு நகரம், அதில் பொட்டுப் பொட்டாக நெருப்பு.

அந்த வருஷத்தில் வானத்தில் எது இரைந்தாலும், இயக்கத்தின் விமானமோ என்று பயந்து, ஊர் முழுக்க விளக்கை அணைத்தது. தம்பி தானாகச் சேர்த்துச் சுட்டது இதுதான் என்று அவளுக்கு அந்த நொடியில் விளங்கியது. அவனை எழுப்பி ஓர் அறை விடவேண்டும் போலிருந்தது.

"ப்ளேன் ஓட்டப் படிக்கிறாரா உன் சீயா?" என்றார் அதிகாரி. குரலை உயர்த்தவில்லை. அதுதான் இன்னும் பயமாக இருந்தது.

"இல்ல சேர். அவருக்குக் கார்தான். மத்தத பாருங்க சேர்." அவசரத்தில் சீடி ஒருமுறை கீழே விழுந்தது. துடைத்து உள்ளே விட்டாள். இந்தத் தடவை கார்கள் வந்தன. வளைந்த ரோடு, கொடி அசைக்கும் ஆள், ஒரு பாட்டு.

அதிகாரி கீபோர்டைத் தன் பக்கம் இழுத்து இரண்டு வளைவு ஓட்டினார். சுவரில் மோதினார். பிறகு நிறுத்திவிட்டுச் சொன்னார்: "விளையாட்டு என்று நம்புறேன். பெரியவர் சீயா என்று நம்பல. நாளைக் காலையில் அவரைக் கூட்டி வா. வராட்டி பத்து மணி வாகனத்தில் இவன் கொழும்புக்குப் போவான்."

மருந்துச் சீட்டுகளை நீட்டினாள். அவர் அவற்றைத் தொடவேயில்லை. துஷாந்த் அவளைப் பார்த்தான். அவள் தலையசைத்துவிட்டு வெளியே வந்தாள். அங்கே நின்றால் அழுகை வந்துவிடும், அழுதால் அவனும் அழுவான்.

விஜிதா வந்து சொன்னதும் கனகசபை கட்டிலின் விளிம்பைப் பிடித்துக்கொண்டார்.

"எனக்கு ஏலாது, பிள்ளை."

"ஓட்டோ வாசல் வரைக்கும் வருமுங்க. தூக்கி வைக்க நிஸாம் நானா இருக்காரு."

"காலுக்காக இல்லையடி. பயம். எனக்கு அவங்களுக்கு முன்னால நிக்க ஏலாது. சிங்களம் ஒரு சொல்லும் வராது இப்ப."

"நிக்க வேணாம், ஒக்காந்தாப் போதும். பேசவும் வேணாம்."

"கிஷாந்தன் காசு அனுப்புவான், நல்ல லோயர் ஒருத்தரைப் பிடி..."

"லோயர் வர்றதுக்குள்ள பத்து மணி வண்டி போயிரும்." அவள் அவருக்கு மாத்திரை கொடுத்து, ஒருக்களித்துப் படுக்க வைத்து, முதுகுக்குத் தலையணை அணைத்தாள். எல்லாம் முடிந்த பிறகு சொன்னாள்: "ஐயா, ஒங்கள வற்புறுத்த மாட்டேன். ஆனா அவன அனுப்பிட்டா நானும் கொழும்புக்குப் போயிருவேன், ஜெயில் ஜெயிலாத் தேட. ஒங்களப் பொரட்டிப் போட வேற ஆளுதான் பாக்கணும்."

அவர் இரவு முழுக்கச் சுவரைப் பார்த்தபடி விழித்துக் கிடந்தார். பக்கத்து அறையில் அவளும் தூங்கவில்லை.

விடிந்ததும் கனகசபை தானாகவே கூப்பிட்டார். "சவரம் செய்துவிடு. கச்சேரிக்குப் போற காற்சட்டையை எடு."

விஜிதா சவரம் செய்தாள், காற்சட்டைக்கு உள்ளே தடித்த துணி மடித்து வைத்தாள், இன்னொரு காற்சட்டையைப் பையில் போட்டாள். அவள் நினைத்தது சரி. பாலம் கண்ணில் பட்டபோதே அவருக்கு நனைந்துவிட்டது. "பரவால்லைங்க, துணி இருக்கு" என்று காதோடு சொன்னாள். நிஸாம் கண்ணாடியில் பார்க்காதவன்போல் முன்னால் பார்த்தான்.

நாற்காலியோடு தூக்கி உள்ளே வைத்தார்கள். கான்ஸ்டபிள் அவரை மேலும் கீழும் பார்த்தான்.

"இவர்... பெரியவர்?"

"ஓம்" என்றார் கனகசபை. முப்பது வருஷம் சிங்களத்தில் கடிதம் எழுதிய மனிதரிடமிருந்து அவ்வளவுதான் வந்தது.

அதிகாரி கார் ஓட்டத்தைப் போட்டுக் கீபோர்டை அவர் முன் தள்ளினார். விஜிதா பக்கத்தில் போகப் பார்த்தாள், விடவில்லை. இங்கே வேகம் குறைத்து வைக்கப்படவில்லை. வலது கை மேசைக்கு மேலே வர வெகு நேரம் எடுத்தது. விரல்கள் மடங்கியபடி நடுங்கின. சுண்டுவிரல் ஒரு பொத்தானைத் தொட்டு வழுக்கியது. திரும்பத் தொட்டது. கார் நகர்ந்து, நேரே போய்ச் சுவரில் இடித்தது. பின்னால் வந்து மறுபடி இடித்தது. அவருடைய நெற்றியிலிருந்து வியர்வை கீபோர்டில் சொட்டியது.

"வம, சீயா, வம!" என்றான் கான்ஸ்டபிள், தன்னை மறந்து. பிறகு நினைவு வந்து தமிழில் சொன்னான்: "இடது... இடது பக்கம்!"

கார் இடது பக்கம் திரும்பவேயில்லை. இடது பக்கப் பொத்தான் எங்கே என்று அவர் தேடித் தேடி, விரல் தளர்ந்து மேசையில் விழுந்தது.

அதிகாரி அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பேனாவை எடுத்தார். துஷாந்த் ஒவ்வொரு ஞாயிறும் வந்து கையெழுத்துப் போடவேண்டும், சீடி இரண்டும் இங்கேயே இருக்கும் என்றார். அவனுக்குப் பெல்டைத் திருப்பிக் கொடுத்தார்கள். அவனால் அதைக் கட்ட முடியவில்லை. விஜிதா கட்டிவிட்டாள்.

ஓட்டோ பாலத்தைத் தாண்டி வெகுதூரம் வந்துவிட்டது.

"இனி எண்ட கடையில சுடுறதே இல்ல" என்றான் நிஸாம் கடைசியில். "ரொட்டியக்கூட அவிச்சுத்தான் திங்கணும்."

யாரும் சிரிக்கவில்லை. அவனும் சிரிக்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் விஜிதா முதலில் கனகசபையைக் கழுவி, உடை மாற்றி, கட்டிலில் போட்டாள். பிறகு அடுப்பைப் பற்றவைத்தாள். அவள் திரும்பி வந்தபோது துஷாந்த் கொம்பியூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தான். எமியுலேட்டர், பயோஸ், குதிக்கும் பொம்மை என்று ஒவ்வொன்றாக அழித்துக்கொண்டிருந்தான். கொம்பியூட்டரின் குப்பைத் தொட்டியையும் காலி செய்தான். அதற்குப் பிறகும் எழும்பாமல், ஏதாவது மிஞ்சியிருக்கிறதா என்று போல்டர் போல்டராகத் திறந்து பார்த்தான்.

கனகசபை கட்டிலிலிருந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். நிறுத்து என்று சொல்லவில்லை. விஜிதாவும் சொல்லவில்லை. அவன் எல்லாவற்றையும் பார்த்து முடிக்கும்வரை கதவடியில் நின்றாள். பிறகு அவனைக் கையைப் பிடித்து எழுப்பிச் சாப்பிட உட்கார வைத்தாள்.